பழைய கேம் பெட்டிக்கு முதல் சுவிட்ச் போடுவதற்கு முன்

பல வருடம் பூட்டிக் கிடந்த கேம் பெட்டி ஒன்று கைக்கு வந்ததும், பிளக்கைச் சொருகி சுவிட்சைப் போட்டுப் பார்க்கத்தான் யாருக்கும் கை துறுதுறுக்கும். அதைச் செய்யாதீர்கள். விற்றவர் "போன மாசம் வரைக்கும் ஓடிச்சு சார்" என்று சொல்லியிருப்பார். அந்தப் போன மாதம் எந்த வருடத்தில் வந்தது என்பது அவருக்கே ஞாபகம் இருக்காது.

இங்கே நான் எழுதுவது 90களில் வீடியோ கேம் கடைகளில் வரிசையாக நின்ற வகைப் பெட்டியைப் பற்றி. ப்ளைவுட் உடம்பு, பிக்சர் டியூப் மானிட்டர், உள்ளே ஒரு பவர் சப்ளை, ஒரு கேம் போர்டு, இரண்டு பேருக்கு ஜாய்ஸ்டிக்கும் பட்டன்களும். 1991-இல் வந்த 'ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2', 1993-இல் வந்த 'காடிலாக்ஸ் அண்ட் டைனோசார்ஸ்' எல்லாம் இந்த ஜாதிதான். இரண்டாவதை அந்தப் பெயரில் சொன்னால் யாருக்கும் தெரியாது, 'முஸ்தபா கேம்' என்றால் உடனே தெரியும். இவை எல்லாவற்றுக்கும் பொதுவானது ஜாமா என்ற இணைப்பு முறை. ஜப்பானிய கேம் தயாரிப்பாளர் சங்கம் 1985-இல் கொண்டுவந்த ஏற்பாடு அது. 56 பின் கொண்ட ஒரே கனெக்டர், எந்தப் பின்னில் என்ன வரும் என்பதும் நிர்ணயம். அதனால்தான் கடைக்காரர் ஒரு போர்டைக் கழற்றிவிட்டு இன்னொன்றை மாட்டி, ஒரே பெட்டியில் வாரத்துக்கு ஒரு புது ஆட்டம் காட்ட முடிந்தது. 1980-இன் 'பேக்மேன்', 1981-இன் 'கேலகா' போன்ற ஜாமாவுக்கு முந்தைய பெட்டிகளில் வயரிங் தனித்தனி. தேடும் முறை அங்கேயும் இதேதான், பின் எண்கள் மட்டும் வேறு.

மின்சாரம் போகும் வழியிலேயே நாமும் போகப் போகிறோம். சுவர் பிளக், ஃபியூஸ், பவர் சப்ளை, போர்டு, மானிட்டர். ஒரு ஸ்டேஷன் சரி என்று உறுதியானால்தான் அடுத்த ஸ்டேஷன். புதியவர்கள் நேராக போர்டில் போய் நின்றுகொண்டு எந்த சிப் போயிருக்கும் என்று யோசிப்பார்கள். நான் திறந்த பெட்டிகளில் சிப் போனதை விட வயர் போனது, கனெக்டர் கருகியது, வோல்டேஜ் இறங்கியது, எலி கடித்தது ஆகியவைதான் அதிகம்.

கையில் இருக்க வேண்டியவை

ஒரு டிஜிட்டல் மல்டிமீட்டர், ஸ்டார் ஸ்க்ரூ டிரைவர், டார்ச், பழைய பெயின்ட் பிரஷ், பள்ளிப் பிள்ளைகளின் வெள்ளை ரப்பர், ஐ.பி.ஏ. எனப்படும் ஐசோபுரோபைல் ஆல்கஹால் திரவம். கடைசியாகச் சொன்னது மொபைல் சர்வீஸ் சாமான் விற்கும் கடைகளில் கிடைக்கும். சானிடைசரோ ஸ்பிரிட்டோ அதற்கு மாற்று ஆகாது.

அப்புறம் ஒரு சீரிஸ் பல்ப். நம் ஊர் எலக்ட்ரீஷியன்களுக்குச் சொல்லவே வேண்டாம், டி.வி. மெக்கானிக் கடை எல்லாவற்றிலும் ஒன்று தொங்கும். 100 வாட் குண்டு பல்பு ஒன்றை, பெட்டிக்குப் போகும் ஃபேஸ் லைனில் தொடராக வைப்பது, அவ்வளவுதான். எல்.இ.டி. பல்பு உதவாது, இழை உள்ள குண்டு பல்புதான் வேண்டும். உள்ளே எங்காவது ஷார்ட் இருந்தால் பல்பு முழு வெளிச்சத்தில் எரியும், பெட்டிக்குள் எதுவும் எரியாது. ஷார்ட் இல்லையென்றால் ஒரு கணம் பளிச்சென்று எரிந்து, பிறகு மங்கிவிடும். ஒரு பல்பு விலையில் ஒரு பவர் சப்ளையைக் காப்பாற்றும் வேலை இது. செய்து பழக்கமில்லையென்றால் தெரிந்த எலக்ட்ரீஷியனிடம் ஒரு பிளக் பாயின்டோடு செய்து வாங்கிக்கொள்ளுங்கள்.

பின் கதவைத் திறந்ததும்

பிளக் சுவரில் இல்லை என்பதைக் கண்ணால் பார்த்துவிட்டுத் திறங்கள். எதையும் தொடும் முன் மொபைலில் பத்துப் பதினைந்து போட்டோ எடுங்கள். எந்த வயர் எங்கே போகிறது, போர்டின் எந்தப் பக்கம் மேலே இருக்கிறது, போர்டில் ஆட்டத்தின் அமைப்பை மாற்றும் சின்னச் சின்ன டிப் சுவிட்சுகள் எந்த நிலையில் இருக்கின்றன என்று எல்லாம். இரண்டு நாள் கழித்து உங்களைக் காப்பாற்றப் போவது இந்த போட்டோக்கள்தான்.

பிறகு தூசி. பிரஷ்ஷால் தட்டி வேக்குவத்தால் இழுங்கள். கரப்பான் எச்சமும் எலிப் புழுக்கையும் இருந்தால் மூக்கில் துணி கட்டிக்கொள்ளுங்கள். எலி இருந்த பெட்டியில் வயர்களை ஒவ்வொன்றாக விரலால் உருவிப் பார்க்க வேண்டும். மேல் தோல் மட்டும் கடிபட்டு, உள்ளே செம்பு தெரியும் வயர்தான் பிற்பாடு பெரிய தலைவலி கொடுக்கும். பெட்டியின் அடியில் டோக்கன், ஸ்க்ரூ, கழன்ற நட்டு எல்லாம் கிடக்கும். ஒன்றுகூட போர்டு மேல் தங்கியிருக்கக் கூடாது.

இப்போது ஆபத்தான பகுதி. பிக்சர் டியூபின் மேல் பக்கம், உறிஞ்சு கிண்ணம் மாதிரி ஒரு ரப்பர் மூடியும், அதிலிருந்து தடித்த வயர் ஒன்றும் போகும். ஓடும்போது அந்த இடத்தில் 20,000 வோல்ட்டுக்கு மேல் இருக்கும். சுவிட்சை அணைத்த பிறகும் டியூப் தானே ஒரு கெபாசிட்டர் போல அந்தச் சார்ஜைப் பிடித்து வைத்திருக்கும். புதியவர்கள் அந்த மூடியைக் கழற்றவே வேண்டாம். யூடியூபில் ஸ்க்ரூ டிரைவர் வைத்து டிஸ்சார்ஜ் செய்வதைப் பார்த்துவிட்டு முயற்சி செய்யவும் வேண்டாம். டியூபின் பின்னால் நீளும் மெல்லிய கண்ணாடிக் கழுத்தும் அப்படித்தான். முழங்கை இடித்து அதில் விரிசல் விட்டால் உள்ளே இருக்கும் வெற்றிடம் போய்விடும், டியூபும் போனது போனதுதான். மானிட்டர் சேசிஸ் வேலை என்றால் பழைய கலர் டி.வி. பார்த்த மெக்கானிக்கைக் கூப்பிடுங்கள். எந்த ஊரிலும் ஒருவராவது இன்னும் இருப்பார், இந்தப் பெட்டியைப் பார்த்தால் அவருக்கும் சந்தோஷமாகத்தான் இருக்கும்.

கதவு திறந்த நிலையில் கரண்ட் போட்டு அளக்கும்போது செருப்புப் போட்டிருங்கள், ஒரு கை பாக்கெட்டில் இருக்கட்டும், வீட்டில் இன்னொருவர் இருக்கட்டும்.

சுவர் முதல் ஃபியூஸ் வரை

பெட்டியின் பின்னால் வோல்டேஜ் எழுதிய லேபிள் இருக்கிறதா பாருங்கள். ஜப்பானிலிருந்து வந்த பெட்டி 100 வோல்ட், அமெரிக்கப் பெட்டி 120 வோல்ட். அதை நம் 230-இல் நேராகச் சொருகினால் அன்றோடு சரி. ஸ்டெப் டவுன் டிரான்ஸ்பார்மர் வேண்டும், அதுவும் பெட்டி இழுக்கும் வாட்டுக்கு மேலேயே தாங்குவதாக. உள்ளூரில் செய்த பெட்டிகளுக்கு இந்தக் கவலை இல்லை.

உள்ளூர்ப் பெட்டிகளின் கவலை எர்த். என் பெட்டியில் மூன்று கோர் வயர்தான் வந்தது, ஆனால் பச்சை வயரை அழகாக வெட்டி டேப் சுற்றி, இரண்டு பின் பிளக் மாட்டியிருந்தார்கள். மல்டிமீட்டரை பீப் அடிக்கும் நிலையில் வைத்து, ஒரு முனையை பிளக்கின் பெரிய பின்னிலும் மறு முனையை காசுக் கதவின் இரும்பிலும் வையுங்கள். பீப் வர வேண்டும். பவர் சப்ளையின் உலோக உறைக்கும், கன்ட்ரோல் பேனல் இரும்புத் தகடாக இருந்தால் அதற்கும் அதே சோதனை. வரவில்லையென்றால் முதல் வேலை இதுதான். விளையாடும் பிள்ளை வியர்த்த கையோடு பிடிக்கப் போவது அந்தத் தகட்டைத்தான்.

ஃபியூஸைக் கண்ணால் பார்த்து முடிவு செய்யாதீர்கள், கழற்றி பீப் வைத்துப் பாருங்கள். பழைய கடைகளில் ஃபியூஸுக்குப் பதில் சிகரெட் பெட்டியின் ஜிகினாத் தாளைச் சுற்றி வைப்பது சகஜம். அப்படி ஒன்று கிடைத்தால் எடுத்துப் போட்டுவிட்டு சரியான ஆம்பியர் ஃபியூஸ் மாட்டுங்கள். அந்தத் தாள் ஒரு தகவலும் சொல்கிறது. ஃபியூஸ் திரும்பத் திரும்பப் போயிருக்கிறது, காரணத்தை யாரும் தேடவில்லை. நீங்கள் தேடியாக வேண்டும்.

வெளிநாட்டுப் பெட்டிகளில் இன்னொரு வேடிக்கை உண்டு. பின் கதவு திறந்திருந்தால் கரண்டைத் துண்டிக்கும் ஒரு சுவிட்ச் கதவோரத்தில் இருக்கும். எல்லாம் சரியாக இருந்தும் பெட்டி செத்துக் கிடந்தால், ஃபிரிட்ஜ் கதவு சுவிட்ச் மாதிரி ஒன்று எங்காவது ஒட்டிக்கொண்டிருக்கிறதா என்று பாருங்கள். இதற்காக மூன்று நாள் மண்டை உடைத்தவர்கள் உண்டு.

பவர் சப்ளையைத் தனியாக

கேம் போர்டின் கனெக்டரைக் கழற்றுங்கள். ஆட்டாமல் நேராக இழுக்க வேண்டும். மானிட்டருக்குப் போகும் மின் வயரையும் கழற்றுங்கள். இப்போது பவர் சப்ளை மட்டும் தனியே நிற்கிறது. சீரிஸ் பல்ப் வழியாக சுவிட்ச் போடுங்கள். இவ்வளவு நேரம் கழித்துத்தான் முதல் சுவிட்ச்.

மல்டிமீட்டரை டி.சி. 20 வோல்ட்டில் வைத்து, கறுப்பு முனையை கிரவுண்டில் பிடித்து, மற்ற முனைகளைப் பாருங்கள். 5, 12, மைனஸ் 5 என்று மூன்று வர வேண்டும். லோடு இல்லாமல் சில சப்ளைகள் சரியான எண் காட்டாது, 12 என்பது 11-ஆகவோ 13-ஆகவோ இருக்கும், பரவாயில்லை. சுத்தமாக ஒன்றும் வரவில்லை, அல்லது உள்ளிருந்து 'டிக் டிக்' என்று சத்தம் மட்டும் வருகிறது என்றால் புதுசு வாங்கிவிடுங்கள். ஆர்கேட் பெட்டிக்கென்றே இந்த மூன்று வோல்டேஜும் கொடுக்கும் சப்ளைகள் ஆன்லைனில் கிடைக்கின்றன, விலையும் அதிகமில்லை. பழையதைத் திறந்து சரி செய்யப் போக வேண்டாம். உள்ளே இருக்கும் பெரிய கெபாசிட்டரில் 320 வோல்ட் வரை தேங்கியிருக்கும்.

போர்டை மாட்டும் முன்

ஜாமா கனெக்டரில் ஒரு பக்கத்துக்கு 28 பின். ஏழாவது இடத்தில் பின்னுக்குப் பதில் ஒரு பிளாஸ்டிக் தடுப்பு இருக்கும். போர்டின் விளிம்பிலும் அதே இடத்தில் ஒரு வெட்டு இருக்கும். தலைகீழாக மாட்டிவிடாமல் இருக்கத்தான் அது. கடை வயரிங்கில் இந்தத் தடுப்பு பெரும்பாலும் விழுந்து போயிருக்கும். தலைகீழாக மாட்டினால் என்ன ஆகும்? கிரவுண்ட் இரண்டு ஓரத்திலும் இருப்பதால் அது என்னவோ தப்பிக்கும். ஆனால் ஆறாவது இடத்தில் வரும் 12 வோல்ட், போர்டின் 23-ஆவது இடத்தில், அதாவது இரண்டாவது பட்டனின் தடத்தில் ஏறும். 5 வோல்ட்டுக்கு மேல் தாங்காத சிப்புக்கு 12 வோல்ட். எனவே நீங்கள் எடுத்த போட்டோவைப் பார்த்து, சிப்புகள் தெரியும் பக்கம் எது என்று உறுதி செய்து, கனெக்டரில் மார்க்கரால் 'மேல்' என்று எழுதி வையுங்கள்.

போர்டின் விளிம்பில் உள்ள செம்புப் பட்டைகள் கறுத்திருந்தால் வெள்ளை ரப்பரால் மெதுவாகத் தேய்த்து, ஐ.பி.ஏ. தொட்ட துணியால் துடையுங்கள். உப்புத்தாள் போடக் கூடாது, மேல் பூச்சு போய்விடும். கடலோர ஊர்களிலிருந்து வரும் போர்டுகளில் பச்சையே பூத்திருக்கும், அதற்கு இரண்டு மூன்று தடவை பிடிக்கும். சாக்கெட்டில் உட்கார்ந்திருக்கும், ஆட்டத்தின் புரோகிராம் எழுதிய ரோம் சிப்புகளை விரலால் ஒருமுறை அழுத்திவிடுங்கள். வருடக்கணக்கில் சூடாகிச் சூடாகி ஆறியதில் அவை மெல்ல மேலே எழும்பியிருக்கும். அவற்றின் மேல் ஒட்டிய ஸ்டிக்கரைப் பிய்க்காதீர்கள். அடியில் கண்ணாடி ஜன்னல் இருக்கும், அதன் வழியே புற ஊதா ஒளி பட்டால் உள்ளே எழுதியது அழியும்.

பேட்டரி விஷயத்தில் கொஞ்சம் நிற்க வேண்டும், ஏனென்றால் இதில் ஒரே அறிவுரை எல்லா போர்டுக்கும் பொருந்தாது. எஸ்.என்.கே. நிறுவனத்தின் நியோ ஜியோ எம்.வி.எஸ். போர்டுகளில் 3.6 வோல்ட் ரீசார்ஜ் பேட்டரி ஒன்று சோல்டர் செய்யப்பட்டிருக்கும். அதன் வேலை கணக்கு வழக்கையும் கடிகாரத்தையும் நினைவில் வைப்பது மட்டும். வயதானால் அது கசியும், கசிந்தது பக்கத்துத் தடங்களைத் தின்னும். அதைப் பார்த்த அன்றே வெட்டி எடுத்துவிடலாம், ஆட்டத்துக்கு ஒன்றும் ஆகாது. ஆனால் காப்காமின் சி.பி.எஸ். 2 போர்டுகளில் பேட்டரியின் உயிரில்தான் ஆட்டத்தைத் திறக்கும் சாவியே இருக்கிறது. அதைக் கழற்றிய கணம் ஆட்டம் செத்துவிடும். ரசிகர்கள் அதற்குத் தற்கொலை பேட்டரி என்றே பெயர் வைத்திருக்கிறார்கள். 'முஸ்தபா'வின் ஒரிஜினல் போர்டும் இந்த வகைப் பேட்டரி உள்ளதுதான். கள்ளப் பிரதி போர்டுகளில் அது கிடையாது. அந்தப் பிரதிகள்தான் இன்னும் கூலாக ஓடிக்கொண்டிருக்கின்றன என்பது வேறு கதை. ஆகவே எந்த போர்டு என்று தெரியாமல் எந்த பேட்டரியையும் தொடாதீர்கள்.

5 வோல்ட்: நாடி பார்ப்பது

போர்டை மாட்டி, சீரிஸ் பல்பை எடுத்துவிட்டு, நேரடி மின்சாரத்தில் சுவிட்ச் போடுங்கள். பல்பு இருந்தால் அதுவே வோல்டேஜை இறக்கி உங்களை ஏமாற்றும். மானிட்டர் இன்னும் கழன்றே இருக்கட்டும். இப்போது அளக்க வேண்டிய இடம் பவர் சப்ளை அல்ல, போர்டு. கனெக்டர் ஓரத்தில், போர்டின் பட்டையிலேயே, ஒன்று அல்லது இரண்டாம் இடத்தில் கறுப்பு முனை, மூன்று அல்லது நான்காம் இடத்தில் சிவப்பு முனை. முனை வழுக்கி இரண்டு பட்டையையும் ஒன்றாகத் தொட்டுவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

போர்டில் இருக்கும், '74' என்று தொடங்கும் எண் கொண்ட சிப்புகளுக்கு அனுமதித்த எல்லை 4.75 முதல் 5.25 வரை. நடைமுறையில் நான் 4.95-க்கும் 5.10-க்கும் நடுவில் வைப்பேன். குறைந்தால் படத்தில் குப்பை விழும், ஆட்டம் நடுவில் ரீசெட் ஆகும். பவர் சப்ளையில் சின்னத் திருகு ஒன்று இருக்கும், அதைத் தலைமுடி அளவு திருப்பினால் 5 வோல்ட் ஏறி இறங்கும். 12-உம் அதோடு சேர்ந்து நகரும், அதனால் அதையும் ஒருமுறை பாருங்கள்.

இதை இவ்வளவு விரிவாக எழுதக் காரணம், நானே இதில் அடிபட்டவன். என் 'ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2' அழகாக ஆன் ஆகும், டெமோ ஓடும். காசு போட்டு, ஆளைத் தேர்ந்தெடுத்து, சண்டை தொடங்கும் நேரத்தில் திரை கறுத்து முதலிலிருந்து ஆரம்பிக்கும். பார்த்த ஒரு மெக்கானிக் ரேம் போய்விட்டது என்றார், மாற்ற ஒரு தொகையும் சொன்னார். பவர் சப்ளையில் வைத்துப் பார்த்தேன், 5.02. சரி, அவர் சொல்வதுதான் போல என்று இரண்டு வாரம் ரேம் சிப் தேடி அலைந்தேன். ஒரு ராத்திரி, சும்மா, போர்டின் ஓரத்தில் வைத்துப் பார்த்தேன். 4.58. நடுவில் 0.44 வோல்ட் எங்கே போனது? ஜாமாவில் 5 வோல்ட்டுக்கு நான்கு பின் ஒதுக்கியிருக்கிறார்கள். வயரிங் செய்தவர் சிக்கனமாக ஒன்றுக்கு மட்டும் வயர் கொடுத்திருந்தார். அந்த ஒரு பின் இவ்வளவு வருடம் முழு பாரத்தையும் சுமந்து, கறுத்து, ஓரத்தில் பிளாஸ்டிக்கே பழுப்பாகியிருந்தது. போர்டு 3 ஆம்பியர் இழுக்கிறது என்று வைத்தாலும் அந்த வழியில் 1.3 வாட் வீணாகச் சூடாகிறது. சண்டைக் காட்சியில் போர்டு கொஞ்சம் கூட இழுத்ததும் வோல்டேஜ் இன்னும் இறங்கி, ஆட்டம் விழுந்திருக்கிறது.

இந்த இடத்தில் எல்லோரும் செய்யும் தவறு, பவர் சப்ளைத் திருகைத் திருப்பி 5.5 வைத்து போர்டில் 5 வரவைப்பது. கருகிய இணைப்பு இன்னும் கருகும், ஒருநாள் இணைப்பு திடீரென்று நன்றாகப் பிடித்தால் போர்டுக்கு முழு 5.5 போகும். கனெக்டரை மாற்றி, நான்கு பின்னுக்கும் தடித்த வயர் கொடுங்கள். கிரவுண்டுக்கும் அப்படியே. எனக்கு அதற்குப் பிறகு ஒரு ரீசெட்டும் இல்லை. வாங்கிய ரேம் சிப்புகள் இன்னும் டப்பாவில் இருக்கின்றன.

மானிட்டர்

இப்போது மானிட்டர் வயரை மாட்டிச் சுவிட்ச் போடுங்கள். நல்ல மானிட்டர் வரும்போதே சொல்லிவிட்டு வரும். 'தொம்' என்று ஒரு அதிர்வு, திரைக்குப் பக்கத்தில் கை ரோமம் சிலிர்ப்பது, சில விநாடியில் டியூபின் கழுத்துக்குள் ஆரஞ்சு நிறத்தில் ஒரு சின்ன வெளிச்சம்.

கழுத்தில் வெளிச்சமே இல்லையென்றால் பெரும்பாலும் மானிட்டருக்கு மின்சாரமே போகவில்லை. அதன் ஃபியூஸ், அதன் வயர் என்று திரும்பிப் போங்கள். வெளிச்சம் இருந்து திரை கறுப்பாக இருந்தால், போர்டு சிக்னல் கொடுக்கிறதா என்பது அடுத்த கேள்வி. ஆட்டத்தின் சத்தம் கேட்கிறது என்றால் போர்டு உயிரோடு இருக்கிறது, தேட வேண்டியது வீடியோ வயரிலும் மானிட்டரிலும்.

திரையின் நடுவே ஒரே ஒரு பளீர் கிடைக்கோடு மட்டும் தெரிந்தால் உடனே அணைத்துவிடுங்கள். படத்தை மேலும் கீழும் விரிக்கும் சர்க்யூட் போயிருக்கிறது. அப்படியே விட்டால் அந்தக் கோடு திரையில் நிரந்தரத் தழும்பாகும். இது மெக்கானிக் வேலை, அவருக்கு அத்துப்படியான வேலையும்கூட. படம் சாய்ந்து கிழிந்து தெரிந்தாலோ உருண்டுகொண்டே இருந்தாலோ படத்தை நிலையாகப் பிடித்து வைக்கும் சிக்னல் வரும் சிங்க் வயரைப் பாருங்கள், கழன்றிருக்கும். அது சரியென்றால் மானிட்டரின் ஹோல்டு திருகு. படம் ஓரங்களில் வளைந்து, சுருங்கி, ஆடுகிறது என்றால் கெபாசிட்டர்கள் காய்ந்துவிட்டன. முப்பது வருட மானிட்டரில் இது எதிர்பார்க்க வேண்டியதுதான், மொத்தமாக மாற்றிவிடச் சொல்லுங்கள்.

ஒரு நிறம் மட்டும் இல்லையா? இதற்கு ஒரு நல்ல தந்திரம் உண்டு. சிவப்பு வரவில்லை என்று வைத்துக்கொள்வோம். எல்லாவற்றையும் அணைத்துவிட்டு, மானிட்டருக்குள் போகும் சிவப்பு, பச்சை சிக்னல் வயர்களை இடம் மாற்றி மாட்டுங்கள். ஆன் செய்ததும் இப்போதும் திரையில் சிவப்புதான் இல்லை என்றால் கோளாறு மானிட்டரில். பச்சை காணாமல் போயிருந்தால் கோளாறு போர்டிலோ வயரிலோ. மானிட்டரை மாற்றலாமா என்று யோசித்தவர்களுக்கு ஒரு கழன்ற வயர் மட்டும் கிடைத்த கதைகள் நிறைய.

எல்.சி.டி. மாட்டலாமே என்று கேட்பவர்களுக்கு: இந்த போர்டுகள் தரும் சிக்னல் 15 கிலோஹெர்ட்ஸ், கணினி மானிட்டர் எதிர்பார்ப்பது குறைந்தது 31. நேராக மாட்டினால் ஒன்றும் வராது, நடுவில் ஒரு கன்வெர்ட்டர் போர்டு வேண்டும். வேலை செய்யும். ஆனால் டியூப் உயிரோடு இருக்கும் வரை அதைத் தூக்காதீர்கள் என்பது என் கட்சி.

படம் வந்தது, ஆட்டம் வரவில்லை

திரை முழுக்க குப்பை எழுத்துகள் வந்து அப்படியே நின்றாலோ, ஒரு விநாடிக்கு ஒருமுறை திரை வெட்டி வெட்டி மீண்டும் மீண்டும் ஆரம்பித்தாலோ, போர்டில் இருக்கும் காவல்காரன் வேலை செய்கிறான் என்று அர்த்தம். வாட்ச்டாக் என்ற அந்தச் சர்க்யூட்டை ஓடும் புரோகிராம் அடிக்கடி தட்டிக்கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். தட்டு வரவில்லையென்றால் புரோகிராம் செத்துவிட்டது என்று அது போர்டையே ரீசெட் செய்யும். மீண்டும் 5 வோல்ட், மீண்டும் ரோம் சாக்கெட், மீண்டும் கனெக்டர் என்று பாருங்கள். இந்த மூன்றும் சுத்தம் என்றால்தான் சிப் பக்கம் போக வேண்டும். நியோ ஜியோ போர்டுகள் இதில் நல்ல பிள்ளைகள், 'ஒர்க் ரேம் எரர்', 'இசட் 80 எரர்' என்று திரையிலேயே எழுதிக் காட்டிவிடும். பல போர்டுகளில் டெஸ்ட் சுவிட்ச் இருக்கும், அதைப் போட்டால் ரேம், ரோம், நிறம், சத்தம், பட்டன் என்று வரிசையாகச் சோதித்துக்கொள்ளலாம்.

சத்தம் மட்டும் இல்லையென்றால் முதலில் 12 வோல்ட். ஆட்டம் ஓட 5 போதும், ஸ்பீக்கரை ஓட்டும் ஆம்ப்ளிஃபயருக்கு 12 வேண்டும். அது சரியென்றால் போர்டில் இருக்கும் வால்யூம் திருகு. ஸ்பீக்கரின் மைனஸ் வயரை கிரவுண்டோடு சேர்த்துக் கட்டாதீர்கள், சில போர்டுகளில் ஆம்ப்ளிஃபயர் சிப் போய்விடும்.

பட்டனும் காசும்

ஒரு பட்டன் மட்டும் வேலை செய்யவில்லையென்றால் அதன் அடியில் இருக்கும் மைக்ரோ சுவிட்ச்சில் உள்ள இரண்டு வயர்களையும் ஒன்றோடொன்று தொட்டுப் பாருங்கள். இங்கே 5 வோல்ட்தான், பயமில்லை. தொட்டதும் ஆட்டக்காரன் அடித்தால் சுவிட்ச் போயிருக்கிறது, சில ரூபாய்க்குப் புதுசு கிடைக்கும். பட்டன் எப்போதும் அமுங்கியபடியே இருப்பது போல ஆட்டம் நடந்தால் வயரைத் தவறான காலில் மாட்டியிருக்கிறார்கள். சுவிட்ச்சில் மூன்று கால் உண்டு, பொதுக் காலும், அமுக்கினால் சேரும் காலும்தான் நமக்கு வேண்டும்.

ஒரே நேரத்தில் நான்கைந்து பட்டன் செத்திருந்தால் அத்தனை சுவிட்ச்சும் ஒன்றாகப் போகாது. கிரவுண்ட் வயர் ஒரு பட்டனிலிருந்து அடுத்ததுக்கு மாலை கோர்த்தது போலப் போகும். வேலை செய்யும் கடைசிப் பட்டனுக்கும் வேலை செய்யாத முதல் பட்டனுக்கும் நடுவில் மாலை அறுந்திருக்கிறது. அங்கே போய்ப் பாருங்கள். 'ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2'-இல் குத்து மூன்றும் வேலை செய்து உதை மூன்றும் செய்யவில்லையென்றால் அது வேறு. வழக்கமான ஜாமா வயரிங் மூன்று பட்டனோடு நின்றுவிடும். உதைகளுக்கு போர்டின் இன்னொரு ஓரத்தில் தனி கனெக்டர். பெட்டி கை மாறும்போது தொலைந்து போகும் முதல் வயர் அதுதான்.

காசு விழவில்லையென்றால் பதற வேண்டாம். 1972-இல் அடாரியின் 'பாங்' பெட்டியை கலிபோர்னியாவில் ஒரு மதுக்கடையில் வைத்துச் சில நாளில், ஓடவில்லை என்று அதை வடிவமைத்த அல் அல்கார்னுக்கு போன் வந்தது. போய்த் திறந்து பார்த்தால் கோளாறு எதுவும் இல்லை, காசு நிரம்பி வழிந்து அடைத்துக்கொண்டிருந்தது. உங்களுக்கு அந்த அதிர்ஷ்டம் இருக்காது, ஆனால் தேட வேண்டிய இடம் அதேதான். காசு உருண்டு போகும் வழியில் ஒரு மெல்லிய கம்பி நீட்டிக்கொண்டிருக்கும், அது வளைந்திருந்தால் காசு அதைத் தொடாமலே போய்விடும். விரலால் அந்தக் கம்பியைத் தட்டினால் கிரெடிட் ஏறுகிறதா பாருங்கள். ஏறினால் கம்பியை லேசாக வளைத்துச் சரி செய்யுங்கள். கம்பி உள்ளேயே சிக்கிக்கொண்டிருந்தாலும் சில போர்டுகள் காசை எண்ண மறுக்கும். வீட்டுக்கு மட்டும்தான் பெட்டி என்றால் பல போர்டுகளில் டிப் சுவிட்ச்சை மாற்றி இலவச ஆட்டத்தில் வைக்கலாம். நான் வைக்கவில்லை. டோக்கன் விழும் சத்தம் இல்லாமல் என்ன ஆட்டம்?

எல்லாம் ஓடியதும் ஒரு மணி நேரம் பக்கத்திலேயே இருந்து ஓடவிடுங்கள். பிறகு அணைத்து, பிளக்கைப் பிடுங்கி, ஜாமா கனெக்டரின் 5 வோல்ட் ஓரத்தை விரலால் தொட்டுப் பாருங்கள். வெதுவெதுப்பு சரி, கை வைக்க முடியாத சூடு என்றால் மீண்டும் அந்த இணைப்பைப் பாருங்கள். போர்டில் அளந்த 5 வோல்ட் எண்ணையும் தேதியையும் ஒரு துண்டுப் பேப்பரில் எழுதி பின் கதவின் உள்பக்கம் ஒட்டிவிடுங்கள். என் கதவில் இப்போது ஐந்து வரி இருக்கிறது. கடைசி வரி 5.03.